ஆறு கடை... ஒரே அலமாரி... ஒரு பிணம்!

காளிதாஸ் செத்துக் கிடந்தார்!

மலாக்காவின் ஆயர் குரோவில், அவருடைய சொந்தக் கம்ப்யூட்டர் கடையில். பாதி இறக்கிய ஷட்டர். கவுன்ட்டருக்குப் பின்னால், குப்புற, இரண்டு கைகளையும் விரித்துக்கொண்டு...

பக்கத்தில் ஒரு யூ.பி.எஸ். பெட்டி. கரன்ட் போனால் கம்ப்யூட்டரைக் காப்பாற்றுகிற கனத்த பெட்டி.

கம்ப்யூட்டரைக் காப்பாற்றும். கம்ப்யூட்டர்காரரைக் காப்பாற்றவில்லை. அவர் மண்டையில் இறங்கியதே அதுதான்!

ஞாயிற்றுக்கிழமை காலையில் ஷட்டரைத் தூக்கிப் பார்த்த பக்கத்து நாசி லெமாக் சோற்றுக்கடை அம்மாள் போட்ட அலறல், நெடுஞ்சாலை டோலில் நின்ற லாரிகளுக்கே கேட்டது. இரண்டு லாரிகள் பதிலுக்கு ஹாரன் அடித்ததாகவும் தகவல்!

* * *

"சனிக்கிழமை மத்தியானம் மூணரைக்கு எங்க இருந்தீங்க?"

திங்கட்கிழமை காலை. கடலோரக் கிளேபாங்கில் ஒரு வீட்டின் பின்னறை. கேட்டவர் இன்ஸ்பெக்டர் திலகவதி. அந்த அம்மாள் முறைத்தால் ஃப்ரிட்ஜுக்குள் இருக்கும் பாலும் திரிந்துவிடும்.

"இங்கதான் மேடம். இதே நாற்காலியிலதான். கேம் விளையாடிக்கிட்டு இருந்தேன்."

சொன்னவர் குகன். வயது நாற்பத்திரண்டு. தொழிற்சாலை ஒன்றில் ஸ்டோர் சூப்பர்வைசர். வேலையிலும் அடுக்குவார், வீட்டிலும் அடுக்குவார். சமையலறையில் உப்பு டப்பாவைக் கொஞ்சம் நகர்த்தி வைத்தால் அவருக்குக் காய்ச்சல் வந்துவிடும்!

"யாரு சாட்சி?"

"வீட்ல யாரும் இல்ல மேடம். பொஞ்சாதி புலாவ் செபாங்குக்குப் போயிட்டா. அவ அண்ணன் மகளுக்குக் காதுகுத்து. ஆனா கம்ப்யூட்டர் சாட்சி சொல்லும்!"

"சொல்லலேன்னா நீங்க என்கூட கிளம்பணும். போன வாரம் கோகோனட் ஷேக் கடையில, அத்தனை பேரு பார்க்க, காளிதாஸ் சட்டையைப் பிடிச்சிருக்கீங்க. 'ஒன்னைக் கொல்லாம விடமாட்டேன்'னு கத்தியிருக்கீங்க."

"கோவத்துல சொன்னது லா மேடம்! ஒரு நாளைக்குன்னு என் கேம் கணக்கை அவன்கிட்ட நம்பிக் கொடுத்தேன். அவன் கடைக்கு வர்ற பசங்களுக்கெல்லாம் தொறந்து விட்டுட்டான். அதுல ஒருத்தன் கள்ளாட்டம் ஆட, கேம் விக்கிற கம்பெனிக்காரன் கணக்கையே பூட்டிட்டான். பன்னெண்டு வருஷமா சேத்தது மேடம்! நானூத்துப் பன்னெண்டு கேம்!"

குகனின் குரல் உடைந்தது. பெற்ற பிள்ளையைத் திருவிழாவில் தொலைத்தவனுக்குக்கூட அப்படி உடையாது.

"இன்னும் கோவம் இருக்கா?"

"சேச்சே... பூட்டினது பூட்டினதுதான். மறந்தே போயிட்டேன்."

கான்ஸ்டபிள் நிவேந்திரன் நாற்காலியை இழுத்துப் போட்டான். இளவட்டம். சிரிப்பை அடக்கத் தெரியாதவன்.

"கம்ப்யூட்டரைத் தொறங்கண்ணே. சாட்சியை விசாரிப்போம்."

பட்டனை அழுத்தினார் குகன். பெட்டிக்குள் சிவப்பு, பச்சை, ஊதா என்று விளக்குகள் சுழன்றன. மலாக்காவில் விளக்கும் பாட்டுமாக ஓடும் மூன்று சக்கர வண்டியே வீட்டுக்குள் வந்துவிட்டதைப் போல! பாட்டு ஒன்றுதான் பாக்கி.

"எந்த கேம் விளையாடினீங்க?"

"கார் ரேஸ் மேடம். ஆனா எந்தக் கடையில இருந்து தொறந்தேன்னுதான்..."

"கடையா?"

"கேம் விக்கிறவங்க மேடம், இன்டர்நெட்ல. மொத்தம் ஆறு பேரு. ஒவ்வொருத்தனுக்கும் தனி கலர், தனி ஆப், தனி பாஸ்வேர்ட். எந்த கேம் எங்க கிடக்குன்னு தேடியே ஆயுசு போயிடும். அதனால..." குகனின் முகம் கல்யாண மாப்பிள்ளை மாதிரி மலர்ந்தது. "நான் எல்லாத்தையும் ஒண்ணாச் சேத்துட்டேன்! பேரு 'ஒரே அலமாரி'. ஆறு கடைச் சாமானும் ஒரே திரையில வரிசையா நிக்கும். ஒரு க்ளிக்! அவ்வளவுதான்!"

ஒரு க்ளிக் செய்தார்.

'ஒரே அலமாரி புதுப்பிக்கப்படுகிறது... 3%'

காத்திருந்தார்கள்.

'4%'

இன்னும் காத்திருந்தார்கள். வெளியே கடல் ஒரு முறை வற்றி, மறுபடி நிறைந்தது!

"ஒரு க்ளிக்னு சொன்னீங்க?" இன்ஸ்பெக்டர் பல்லைக் கடித்தார்.

"இன்னிக்குப் பார்த்து மானத்தை வாங்குது மேடம்..."

ஒருவழியாக அலமாரி திறந்தது. அட்டைப் படங்கள்! படங்கள்! படங்கள்! மூலையில் எண்: 1143.

கார் ரேஸ் கேம் மட்டும் மூன்று இடத்தில் நின்றது.

"ஒரே கேம் ஏன் மூணு?"

"ஒண்ணு வாங்கினது. ஒண்ணு ஓசியில கொடுத்தாங்க. இன்னொண்ணு... வாங்கினதை மறந்துட்டு வாங்கினது."

"நல்லாக் கேளுங்கக்கா!" பால் சேர்க்காத கோப்பி ஓ தட்டோடு உள்ளே வந்தாள் குகனின் மனைவி தேவிஸ்ரீ. "பாசார்ல கத்திரிக்காய்க்கு அம்பது காசு குறைக்கச் சொல்லி அரை மணி நேரம் சண்டை போடற மனுஷன்!"

"நீ சும்மா இரு!"

நீலக் கடையில் இருக்கும் கேமை அழுத்தினார் குகன். நீலக் கடை பாஸ்வேர்ட் கேட்டது. போட்டார். தப்பு! மறுபடி போட்டார். தப்பு! அவருடைய பாஸ்வேர்டை நீட்டிப் போட்டால் மலாக்காவிலிருந்து தம்பின் வரைக்கும் வரும். அதில் ஓர் எழுத்து பிசகினாலும் கதவு திறக்காது.

போனுக்கு ஒரு ரகசிய எண் வந்தது. கண்ணாடியைத் தேடி மாட்டிக்கொண்டு படிப்பதற்குள் எண் காலாவதியாகிவிட்டது!

அடுத்து ஒன்பது படங்கள். 'ட்ராஃபிக் லைட் உள்ள கட்டங்களைத் தொடவும்.'

"அந்தக் கம்பம் ட்ராஃபிக் லைட்ல சேருமா?"

"சேரும்ணே!" என்றான் நிவேந்திரன்.

"சேராதுடா. லைட்டுதான் கணக்கு. தள்ளு, நான் பண்றேன்." இன்ஸ்பெக்டரே மவுஸைப் பிடுங்கினார். தொட்டார்.

'தவறு. நீங்கள் மனிதர்தான் என்பதை நிரூபிக்கவும்.'

"பதினேழு வருஷ சர்வீஸ்ல ஒரு கொலைகாரன்கூட என்னை இப்படிக் கேட்டதில்ல!" இன்ஸ்பெக்டரின் கண்கள் சிவந்தன.

"நீலம் வேணாம் மேடம், கறுப்புக் கடையைப் பார்ப்போம்..."

கறுப்புக் கடை உடனே திறந்தது. கேமை அழுத்தினால் ஆரஞ்சுக் கடை எழுந்து வந்தது!

"இது யாரு?"

"கறுப்புக் கடையில வாங்கினாலும் ஆரஞ்சுக் கடைக்காரன்தான் கதவைத் திறந்து விடணும் மேடம்."

"என்னாயா இது! கல்யாண வீட்டுக்குப் பத்திரிக்கை கொடுத்துட்டு, பக்கத்து வீட்டு வாசல்ல நிக்கச் சொல்றானா?"

ஆரஞ்சுக் கடை புதுப்பிக்கத் தொடங்கியது. 1%...

"இவ்வளவு கஷ்டப்பட்டு இத்தனை கேம் எதுக்கு?" இன்ஸ்பெக்டர் நெற்றியைப் பிடித்துக்கொண்டார்.

"அதைத்தான் நானும் கேக்கறேன்கா!" தேவிஸ்ரீ இடுப்பில் கையை வைத்தாள். "ராத்திரி பகல்னு அட்டையை மாத்துவாரு, பேரு வரிசையில வைப்பாரு, கலர் வரிசையில வைப்பாரு. ஒரு கேமாவது விளையாடியிருக்காரான்னு கேளுங்க! கல்யாணம் ஆனதுலேருந்து நான் பார்த்ததே இல்ல!"



இன்ஸ்பெக்டரின் கண்கள் குகன் மீது திரும்பின.

"விளையாடவே மாட்டீங்களா? அப்ப சனிக்கிழமை?"

"அன்னிக்குத்தான் மேடம்... மொத தடவ!" குகனின் கழுத்தில் வேர்வை ஆறாக ஓடியது. "வீடு காலியா இருந்துச்சு. ஆசையா இருந்துச்சு..."

தேவிஸ்ரீ நாக்கைக் கடித்துக்கொண்டாள். புருஷனைத் திட்டப்போய், தூக்குக் கயிற்றை அவர் கழுத்தை நோக்கி ஒரு முழம் இழுத்துவிட்டோமே!

டிங்!

ஆரஞ்சுக் கடை திறந்துகொண்டது.

திரையில் தெளிவாக இருந்தது. கார் ரேஸ். சனிக்கிழமை மதியம் இரண்டே முக்காலிலிருந்து ஐந்து மணி வரை. நடுவில் ஒரு பதக்கம்கூட! 'ஓயாத சக்கரம்: நிறுத்தாமல் முந்நூறு சுற்று.'

"கேமைத் தொறந்து வெச்சுட்டு வெளிய போயிருந்தா?" என்றார் இன்ஸ்பெக்டர்.

"கார் நின்னுடும் மேடம்! ஆக்சிலரேட்டரை யாராச்சும் அமுக்கிக்கிட்டே இருக்கணுமே!"

நிவேந்திரன் தலையாட்டினான். "ஆமா மேடம். விட்டா நின்னுடும்."

இன்ஸ்பெக்டர் இரண்டு முறை படித்தார். பெருமூச்சு விட்டார். எழுந்தார்.

"சரி குகன். கம்பெனிக்காரன் பதிவே ஒங்களுக்குச் சாட்சி. ஒங்க மேல கேஸ் நிக்காது."

தேவிஸ்ரீ கையெடுத்துக் கும்பிட்டாள். "சன்னாசிமலை முருகா! பொங்கல் வைக்கிறேன்பா!"

குகன் பிழைத்தார்!

இன்ஸ்பெக்டர் வாசலில் காலணியைக் கூடப் போட்டுவிட்டார். நிவேந்திரன் மட்டும் திரையைப் பார்த்துச் சிரித்தான்.

"ஆயிரத்து நூத்து நாப்பத்து மூணு. பரவால்லண்ணே. ஆனா என் மச்சான் திலீப் இருக்கான், அலோர் காஜாவுல. அவன்கிட்ட ஆயிரத்து ஐந்நூறு."

குகன் திரும்பினார்.

"என்ன சொன்ன?"

"ஆயிரத்து ஐந்நூறுண்ணே. ஒங்களது அவனைவிடச் சின்ன அலமாரிதான்."

குகனின் முகம் கறுத்தது. மூக்கு விடைத்தது. கை தானாக மவுஸுக்குப் போனது.

"சின்ன அலமாரியா? டேய்... இங்க வா! ஒரு கடை இன்னும் சேரலடா! சிவப்புக் கடை! சேத்தா எவ்வளவு தெரியுமா? ஆயிரத்து ஐந்நூத்து அம்பத்தஞ்சு! இங்க பாரு!"

க்ளிக்!

வாசலில் ஒரு காலணி நின்றது.

"சிவப்புக் கடையா?" இன்ஸ்பெக்டர் மெதுவாக உள்ளே வந்தார். "சரியா நானூத்துப் பன்னெண்டு கூடுதே. காளிதாஸால பூட்டிப்போன கணக்கா? மறந்தே போயிட்டேன்னு சொன்னீங்க?"

"அ... அது... அவங்களே தொறந்து விட்டுட்டாங்க மேடம். எழுதிப் போட்டேன். பாவம் பார்த்து..."

திரை கறுத்தது. நடுவில் ஒரு பெட்டி எழுந்தது. நிவேந்திரன் குனிந்து, ஒவ்வொரு வார்த்தையாகச் சத்தம் போட்டுப் படித்தான்.

"'உங்கள் கணக்கின் பூட்டு சனிக்கிழமை மாலை நாலு பத்துக்கு, காளிதாஸ் கவுன்ட்டர் கம்ப்யூட்டரில் திறக்கப்பட்டது. திறந்தது நீங்கள்தானா?'"

கீழே இரண்டு பொத்தான்கள்.

'ஆம், நான்தான்.'

'இல்லை. கணக்கை நிரந்தரமாக அழிக்கவும்.'

ஓரத்தில் ஒரு கடிகாரம். அறுபது விநாடி. ஐம்பத்தொன்பது...

"காளிதாஸ் செத்தது மூணரைக்குன்னு டாக்டர் சொல்றாரு." இன்ஸ்பெக்டரின் குரல் பனிக்கட்டியாக இருந்தது. "நாலு பத்துக்குப் பொணம் எழுந்து வந்து பூட்டைத் தொறந்துச்சா குகன்?"

"வே... வேற யாராச்சும்... கணக்கைத் திருடி..."

"இருக்கலாம். அப்ப 'இல்லை'ன்னு அமுக்குங்க. திருடன் தொறந்தான்னு ஆயிடும். நான் திருடனைத் தேடறேன், நீங்க வீட்ல இருங்க."

முப்பத்திரண்டு... முப்பத்தொன்று...

"அமுக்கினா... நானூத்துப் பன்னெண்டும்..."

"போயிடும்."

"என்னங்க!" தேவிஸ்ரீ அவர் தோளைப் பிடித்து உலுக்கினாள். "'இல்லை'ன்னு அமுக்குங்க! கேமு போனாப் போவுது! நீங்க இருந்தாப் போதும்ங்க!"

குகனின் விரல் 'இல்லை'க்குப் போனது.

அங்கேயே நின்றது.

பதினொன்று... பத்து...

"பன்னெண்டு வருஷம் தேவி..." முனகினார். "சிலது இப்ப எங்கயும் விக்கிறதே இல்ல..."

நான்கு... மூன்று...

"என்னங்க!!"

க்ளிக்!

'ஆம், நான்தான்.'

அட்டைப் படங்கள் அருவியாகக் கொட்டின! எண் ஏறியது... 1200... 1400... 1555! குகனின் கண்ணில் ஆனந்தக் கண்ணீர். முகத்தில் குழந்தைச் சிரிப்பு. இரண்டு விநாடிதான்!

மூன்றாவது விநாடியில் சிரிப்பு உறைந்தது.

"ஐயோ..."

தேவிஸ்ரீ தரையில் உட்கார்ந்துவிட்டாள். இன்ஸ்பெக்டர் விலங்கை எடுத்தார்.

"கொல்லணும்னு போகல மேடம்!" குகன் கதறினார். "கார் ரேஸ் கேமைச் சும்மா ஒரு சாட்சிக்காக... சண்டை வந்து அவன் போலீஸ்ல சொன்னா, நான் வீட்லதான் இருந்தேன்னு காட்டலாம்னு... கேம் ரிமோட்டுல, ஆக்சிலரேட்டர் பட்டன் மேல ரப்பர் பேண்டைச் சுத்திட்டுப் போனேன். வட்டமான ரோடு. காரு தானா வளைஞ்சிக்கும்."

"மூணரைக்கு என்ன நடந்துச்சு?"

"கணக்கு கடைசியா ஓடினது அவன் கடையில; அதனால பூட்டைத் தொறக்குற நம்பரும் அவன் கடைக் கம்ப்யூட்டருக்குத்தான் வரும். கெஞ்சினேன் மேடம். கால்ல விழாத குறை. அவன் சிரிச்சான். 'நீ எங்கடா விளையாடுற? அட்டையைத் தொடச்சு அடுக்கத்தானே செய்யிற! ஒனக்கெதுக்குடா கேமு?'ன்னான். அந்த வார்த்தை மேடம்... அந்த ஒரு வார்த்தை... கைக்கு யூ.பி.எஸ். கிடைச்சது."

"பொணத்தைத் தாண்டிப் போயி பூட்டைத் தொறந்தீங்களா?"

"கவுன்ட்டரையும் கொஞ்சம் ஒழுங்குபடுத்திட்டு வந்தேன். ஒயரெல்லாம் சிக்கலா கிடந்துச்சு."

நிவேந்திரன் சிரிக்கவில்லை. முதல் தடவையாக!

விலங்கு பூட்டிக்கொண்டது. இரண்டு எட்டு நடந்த குகன் சட்டென்று நின்றார். திரையைத் திரும்பிப் பார்த்தார். துடித்தார்.

"மேடம்! ஒரே நிமிஷம்! சிவப்புக் கடையிலயும் அந்தக் கார் ரேஸ் இருக்கு... இப்ப நாலா நிக்குது! ஒண்ணாச் சேத்துட்டு வந்துடறேன், ப்ளீஸ் லா மேடம்!"

"நடங்க!"

"மேடம், கம்ப்யூட்டரை அணைச்சிரட்டுமா?" நிவேந்திரன் கேட்டான். "சிவப்புக் கடை அப்டேட் ஓடுது. ரெண்டு பர்சென்ட்."

இன்ஸ்பெக்டர் திலகவதி ஆறிப்போன கோப்பியை ஒரே மடக்கில் குடித்துவிட்டுச் சொன்னார்:

"ஓடட்டும் விடுடா. அது நூறைத் தொடறதுக்குள்ள இவரு தண்டனை முடிஞ்சி வீட்டுக்கே வந்துடுவாரு!"