மறைத்த லேயர்

அன்று மணி பத்தா, பதினொன்றா என்பது ஆனிக்கு இப்போது நிச்சயமில்லை. வரைபடத்தில் அந்தச் சிவப்புப் புள்ளி முதலிலிருந்தே இருந்ததா என்பதும் சந்தேகம்தான்.

மாரிகுப்பத்தில் அவர்கள் வீட்டுக் கொல்லையில் விடியற்காலை தரை உள்வாங்கி, அவள் கணவன் டைட்டஸ், எப்போதோ மூடப்பட்ட தங்கச் சுரங்கத்துக்குள் விழுந்துவிட்டிருந்தான். அந்தச் சுரங்கத்தின் பழைய படத்தைக் கம்ப்யூட்டரில் வரைந்து வைத்திருந்தவனும் அவன்தான். அந்த மென்பொருளைத் தயாரிப்பதை நிறுத்திப் பல வருஷமாகிறது. இன்ஸ்டால் செய்யாமல் பென்டிரைவிலிருந்தே ஓடும் போர்ட்டபிள் பிரதி ஒன்றுதான் மிச்சம். வேறு எதிலும் கோப்பு திறக்காது.

"இன்னாம்மா, தெறந்துச்சா?" கொல்லையில் தோண்டிக்கொண்டிருந்த பக்கத்து வீட்டு மாணிக்கராஜ் ஜன்னல் வழியே கேட்டார். அந்தச் சுரங்கத்தின் ஷாஃப்டில் வேலை பார்த்தவர். "செத்துப்போன சாஃப்ட்வேர கட்டிக்கினு அழுவுறியேடான்னு அவன எத்தினி வாட்டி கிண்டல் பண்ணிகீறேன்..."

"திக்குதுண்ணே. இருங்க."

லேப்டாப் ஃபேன் இரைந்தது. சூடான பிளாஸ்டிக் நெடியோடு ஈரமண் வாசனையும் வந்தது. ஜன்னலிலிருந்து அல்ல, கீபோர்டுக்குள்ளிருந்து. படம் கனமாக இருந்ததால், அதன் அடுக்குகளில் டைட்டஸ் பூட்டி வைத்திருந்த ஒரு லேயரை ஆனி மறைத்தாள். கனமான படங்களுக்கு அவனும் அப்படித்தான் செய்வான். உடனே படம் தெளிந்தது. சுரங்கத்தின் மூன்றாவது லெவலில் சிவப்புப் புள்ளி. அவள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அது நூலளவு நகர்ந்தது. நின்றது. மறுபடி நகர்ந்தது, மூச்சு வாங்குகிறவனைப் போல.

ஆனி யோசிக்கவில்லை. புள்ளியிலிருந்து கொல்லை வரை ஒரே கோடாக இழுத்தாள்.

"கர்த்தாவே, அவர விட்டுடாத."

தரைக்கடியில் ஏதோ பிளந்தது.

"வழி தெறந்துகிச்சும்மா! உள்ளேர்ந்து காத்து வருது!"

புள்ளி கோட்டில் ஏறத் தொடங்கியது. அவள் அழுதுவிட்டாள். பிறகுதான் கோடு வழியில் எதைக் கடக்கிறது என்று பார்க்கத் தோன்றியது. மறைத்த லேயரைத் திறந்தாள்.

தடித்த கறுப்புச் சுவர். அருகே டைட்டஸின் குறிப்பு: பாறை வெடிப்பு. நாற்பத்தோரு பேர். உடல்களை எடுக்க முடியவில்லை. சுவர் கட்டி மூடியது.

அவள் கோடு சுவரைத் துளைத்திருந்தது.

சுவருக்குப் பின்னால் புள்ளிகள். நிறைய. ஒவ்வொன்றாகக் கோட்டுக்கு வந்தன. ஏறின.

கோட்டை அழிக்க விரல் போனது. சிவப்புப் புள்ளி இன்னும் பாதி வழியில்தான் இருந்தது. அழித்தால் அவனும் போவான்.

விரலை எடுத்துக்கொண்டாள்.

டைட்டஸ் மதியம் மேலே வந்தான். உயிரோடிருக்கிறான், பேசுவதில்லை. அன்றே பங்காருப்பேட்டையில் மகள் வீட்டுக்குப் போன மாணிக்கராஜ் திரும்பவில்லை. நாற்பத்தோரு பேரும் வீட்டுக்குள், சுவரைப் பார்த்தபடி, ஈரம் சொட்ட நிற்கிறார்கள். ஆனி தட்டை உயர்த்திப் பிடித்து, அவர்களுக்கிடையே பக்கவாட்டாக நுழைந்துபோய் டைட்டஸுக்குச் சோறு ஊட்டுகிறாள்.