நூற்றொரு முழக் கோபுரம்

கதிரவன் மேற்குக் குன்றுகளின் பின்னால் இறங்குவதற்கு இன்னும் அரை நாழிகையே இருந்தது. பொறுமையில்லாத பதினான்காம் நாள் நிலவு அதற்குள் கீழ்வானில் ஏறி வந்து வெளிறிய முகத்தோடு காத்துக்கொண்டிருந்தது. இரு கரையும் தளும்ப ஓடிய வெள்ளாறு, நாணற் காடுகளை வளைத்துக்கொண்டு, மாந்தோப்புகளின் வேர்களைக் கழுவிக்கொண்டு, தான் எந்தச் சிற்றரசருக்கும் சொந்தமில்லை என்பதுபோல் கிழக்கே போய்க்கொண்டிருந்தது. ஆனால், அன்பு வாசகர்களே, அன்று ஆற்றைப் பார்ப்பார் யாருமில்லை. தென்கரைக் கொற்றங்குடியிலும் வடகரை நெற்குன்றையிலும் கூரைமேலும் மரத்தின்மேலும் ஏறியிருந்த அத்தனை பேரும், இரு கரைகளிலும் நேருக்கு நேராக நின்ற இரண்டு கோபுரங்களைக் கழுத்து வலிக்க அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

எந்தக் கோபுரம் உயர்ந்தது என்னும் வழக்கை அன்று சூரியன்தான் தீர்த்துவைக்க வேண்டும். கரைகள் இரண்டும் ஒரே மட்டம். குன்றின் நிழல் கீழிருந்து மேலே ஏறி வரும்போது எந்தக் கலசத்தில் வெயில் கடைசியாகத் தங்குகிறதோ, அதுவே உயர்ந்தது.

கொற்றங்குடியின் அதிபதி மானவதரையர் தம் மாளிகையின் மேல்மாடத்தில் நின்றார். கட்டையான உருவமும் அகன்ற தோள்களும் கொண்ட அந்த வீரர் மூன்று போர்களில் முதுகு காட்டாதவர். சந்தேகம் என்னும் ஒரு பகைவனிடம் மட்டும் நாள் தவறாமல் தோற்றுக்கொண்டிருந்தார். அவர் அருகில் நின்ற நீலநங்கை அவருடைய மனைவி. அவள் கண்கள் வடகரையில் இருந்தன. அவர் கண்கள் அவள் முகத்தில் இருந்தன.

நான்கு ஆண்டுகளுக்கு முன் நீலநங்கையை மணம் பேசி இரண்டு ஓலைகள் போயின. ஒன்று மானவதரையருடையது, மற்றொன்று நெற்குன்றை அதிபதி கலியமாறருடையது. நங்கையின் தந்தை முதல் ஓலைக்கு இசைந்தார். விவகாரம் அத்துடன் முடிந்திருக்க வேண்டும். ஆனால் திருமணம் முடிந்த மறு மாதமே கலியமாறர் தம் ஊர்க் கோயிலுக்குக் கோபுரம் எழுப்பத் தொடங்கினார். புதுமணப் பெண்ணோ மாலைதோறும் மாடத்தில் நின்று, அந்தக் கோபுரம் நிலை நிலையாக வளர்வதைப் பார்க்கத் தொடங்கினாள்.

"தேவி, அங்கே என்ன தெரிகிறது?" என்று ஒரு நாள் அரையர் கேட்டார்.

"மூன்றாம் நிலைக்கு உத்தரக் கல் ஏற்றுகிறார்கள், சுவாமி. அவ்வளவு பெரிய கல்லை எப்படித்தான் ஏற்றுகிறார்களோ!"

அந்த "எப்படித்தான்" என்ற சொல்லிலிருந்த வியப்பு முழுவதும் கலியமாறருக்கே போய்ச் சேர்வதாக அரையருக்குத் தோன்றியது. அன்றைக்கு அவருக்குச் சோறு இறங்கவில்லை. சந்தேகக் கோடு சந்தோஷக் கேடு என்று பெரியவர்கள் சும்மாவா சொன்னார்கள்? மறுநாளே ஓர் ஒற்றன் ஆற்றைக் கடந்தான். கட்டி முடியும்போது நெற்குன்றைக் கோபுரத்தின் உயரம் கலசத்தோடு நூறு முழம் என்று செய்தி கொண்டுவந்தான்.

"அப்படியானால் நமக்கு நூற்றொன்று!" என்றார் அரையர்.

ஆற்றங்கரைக் கொற்றவை கோயிலுக்குக் கோபுரம் கட்டப் பெருந்தச்சர் காரிவாணர் வரவழைக்கப்பட்டார். அவர் மரபுப்படி அரையரின் வலக்கையை நீட்டச் சொல்லி, முழங்கை முதல் நடுவிரல் நுனிவரை நூல் பிடித்து, அந்த அளவுக்கு ஒரு கருங்காலிக் கோலை வெட்டிக்கொண்டார். அந்தக் கோலால் அளந்து அளந்து, இரவும் பகலும் உளி ஓயாமல், இரண்டரை ஆண்டில் கோபுரம் எழுந்துவிட்டது.

இப்போது நிழல் ஏறி வந்தது. மாந்தோப்பு கறுத்தது. மதில் கறுத்தது. இரண்டு கோபுரங்களிலும் முதல் நிலை, இரண்டாம் நிலை என்று வரிசையாக வெயில் விலகியது. கடைசியில் இரண்டு கலசங்கள் மட்டும் சுடர்விட்டன. சட்டென்று தென்கரைக் கலசம் அணைந்தது. வடகரைக் கலசமோ அணையவில்லை. பத்து எண்ணும் நேரம் தனியாக நின்று ஜொலித்தது. நெற்குன்றையில் எழுந்த ஆரவாரம் ஆற்றைக் கடந்து வந்து மாடத்தில் மோதிற்று.

அரையர் மனைவியைப் பார்த்தார். அவள் கண்கள் கலங்கியிருந்தன. "எவ்வளவு அழகு!" என்று அவள் தன்னை மறந்து சொன்னாள். எரிகிற நெருப்பில் எண்ணெய் வார்த்தது போலாயிற்று.

அந்த நாழிகையிலேயே காரிவாணர் சபைக்குக் கொண்டுவரப்பட்டார்.

"பெருந்தச்சரே! நெற்குன்றையான் உம் காதில் என்ன ஓதினான்? எதற்காக என் கோபுரத்தைக் குறைத்தீர்?"

"அரசே! நூற்றொரு முழத்துக்கு ஒரு விரற்கடை குறைந்திருந்தாலும் என் தலையை எடுத்துக்கொள்ளுங்கள். தாங்கள் எண்ணிக்கையைச் சொன்னீர்கள். அது எந்தக் கோலின் எண்ணிக்கை என்று ஒற்றனும் கேட்கவில்லை, தாங்களும் சொல்லவில்லை, அடியேனும் விசாரிக்கவில்லை. கட்டுவிப்பவரின் கையே முழம் என்பது எங்கள் தொழிலின் விதி. இது தங்கள் கையால் நூற்றொன்று. அது கலியமாறரின் கையால் நூறு. அவர் நெடிய மனிதர், கையும் நீளம்..."

சபையில் யாரோ இருமினார்கள். உண்மையைச் சொல்லலாம், வாசகர்களே. அதற்கு இடம் பார்க்க வேண்டாமா?

"அவன் கை நீளம் என்று என் சபையில், என் மனைவியின் காதுபடச் சொல்கிறீர்!" என்று அரையர் சிங்காசனத்தை விட்டு எழுந்தார். "நல்லது. அவனுடைய கோலைக் கொண்டுவந்து காட்டும். நாளைச் சூரியன் மறைவதற்குள் காட்டாவிட்டால், பொய்யளந்த அந்த வலக்கை உமக்கு இல்லை!"

"குடமுழுக்கு வரையில் அந்தக் கோல் அவர்கள் கோபுரத்தின் உச்சி நிலையில்தான் இருக்கும், அரசே. என்னையும் என் ஆட்களையும் அக்கரையில் எல்லாருக்கும் தெரியும். கரையேறியதுமே பிடித்துவிடுவார்களே!"

"அது உம் கவலை."

திரைக்குப் பின்னால் நின்ற நீலநங்கை தன் வாயைக் கையால் பொத்திக்கொண்டாள். தான் ஒரு கோபுரத்தை ஆசையோடு பார்த்த குற்றத்துக்கு, அதைக் கட்டத் தெரிந்த ஒரு கை போவதா? அவளுக்கு அழுகையைவிடக் கோபமே அதிகமாக வந்தது.

மறுநாள் உச்சிப்பொழுதில் சுண்ணச் சாந்து சுமக்கும் பெண்களின் ஓடம் ஒன்று நெற்குன்றைத் துறையை அடைந்தது. அங்கே சுதைப் பொம்மைகளுக்குப் பூச்சு வேலை நடந்துகொண்டிருந்ததால் சாரம் இன்னும் பிரிக்கப்படவில்லை. ஓடத்திலிருந்து இறங்கியவர்களில் ஒருத்தி முகமெல்லாம் சுண்ணாம்பு அப்பிக்கொண்டு, கூடை சுமந்து பழக்கமில்லாத கழுத்தைச் சாய்த்துச் சாய்த்து நடந்தாள். அவள் யாரென்று தங்களுக்கு இந்நேரம் தெரிந்திருக்கும். காவலர்களுக்குத் தெரியவில்லை.

மூங்கில் ஏணிகள் ஏழு. நான்காவது ஏணியில் அவள் உள்ளங்கை தோலுரிந்தது. ஆறாவதில் காற்று சேலையைப் பிடித்து இழுத்தது. ஏழாவதைக் கடந்து உச்சி நிலையில் கால் வைத்தபோது, வந்த காரியமே அவளுக்கு மறந்துபோயிற்று. கீழே வெள்ளாறு வளைந்து வளைந்து போவதும், அதற்கப்பால் வயல்களும், வயல்களுக்கப்பால் அவள் பெயர் கேட்டறியாத ஊர்களும், எல்லாவற்றுக்கும் அப்பால் நீலக் கோடாகக் கடலும் தெரிந்தன. தான் நான்கு ஆண்டுகள் நின்ற மாடம் ஒரு குங்குமச் சிமிழ் அளவுதான் இருந்தது. நீலநங்கை வாய்விட்டுச் சிரித்தாள். மனிதர்கள் ஏன் கல்லின்மேல் கல்லை வைக்கிறார்கள் என்பது அவளுக்கு அங்கே விளங்கிற்று; யாராவது கேட்டால் சொல்லத் தெரிந்திருக்காது.

"சுண்ணாம்பு சுமப்பவள் இங்கே வந்து இப்படிச் சிரிக்க மாட்டாள். கழுத்து வலிக்கிறது என்பாள்" என்றது ஒரு குரல்.

தென்திசைச் சாளரத்தின் ஓரத்திலிருந்து நெடிய மனிதர் ஒருவர் எழுந்தார். கலியமாறரேதான்.

"நீலநங்கை தேவி! தங்களை எனக்குத் தெரியாதா? இந்தச் சாளரத்தை எதற்காக வைத்தேன் என்று நினைக்கிறீர்கள்? மாலைதோறும் தங்கள் மாடத்தைப் பார்ப்பதற்காக. தங்கள் கணவர் வந்து தங்கள் அருகில் நிற்பார். எனக்கு வயிறு எரியும். மறுநாள் இன்னும் ஒரு வரி கல் ஏற்றச் சொல்வேன். அவர் கூரை என் காலடியில் கிடக்க வேண்டும், அவ்வளவுதான் என் பிரார்த்தனை!"

"கோயிலுக்காகக் கட்டுகிறீர்கள் என்று நினைத்திருந்தேன்."

"கோயில் கீழே இருக்கிறது" என்றார் கலியமாறர் அலட்சியமாக. "தாங்களே ஏறி வந்துவிட்டீர்கள். இனி இறங்க வேண்டியதில்லை. யாரங்கே! ஏணியை எடுங்கள்!"

சுவரோரம் சார்த்தியிருந்த கருங்காலிக் கோல் அவள் கண்ணில் பட்டது. அதைப் பாய்ந்து எடுத்தாள். ஏணி போனால் என்ன? சாந்துக் கூடைகளை ஏற்றி இறக்கும் கப்பிக் கயிறு இருக்கிறதே! ஒரு பெரிய கூடையில் குதித்து உட்கார்ந்து, கயிற்றைக் கட்டியிருந்த முடிச்சைத் தட்டிவிட்டாள். கூடை சரசரவென்று கீழே பாய்ந்தது.

"அடியே, எவடி அவ, கூடையிலே குந்திக்கிட்டு வர்றது?" என்று கீழே ஒருத்தி அலறினாள்.

"கேள்வி அப்புறம் கேளு! கயித்தைப் பிடிங்கடி, எலும்பு நொறுங்கிடும்!" என்று கத்தினாள் மற்றொருத்தி.

எட்டுப் பெண்கள் பாய்ந்து கயிற்றைப் பிடித்தார்கள். உயிரும் கோலும் தப்பின. மேலேயிருந்து கலியமாறர் போட்ட கூச்சல் காற்றில் யாருக்கும் விளங்கவில்லை. அது விளங்கி, காவலர்கள் துறைக்கு ஓடிவந்தபோது அவள் ஏறிய ஓடம் நடு ஆற்றில் இருந்தது.

கொற்றங்குடிச் சபையில் வெட்டுமரம் போடப்பட்டிருந்தது. காரிவாணர் கையை அதன்மேல் வைத்துக் கண்ணை மூடிக்கொண்டிருந்தார். சாளரத்தில் வெயில் சிவந்துவிட்டது. அப்போது சுண்ணாம்பும் இரத்தமுமாக ஒரு பெண் கூட்டத்தை விலக்கிக்கொண்டு உள்ளே வந்தாள். ஈரத் தலைப்பால் முகத்தைத் துடைத்தாள்.

"தேவி!" என்று சபை முழுவதும் எழுந்து நின்றது.

அவள் காரிவாணர் இடுப்பிலிருந்த கோலை உருவி, அதையும் தான் கொண்டுவந்த கோலையும் வெட்டுமரத்தின்மேல் பக்கத்தில் பக்கத்தில் வைத்தாள். வடகரைக் கோல் சரியாக ஒரு விரற்கடை நீண்டிருந்தது. நூறு முறை ஒரு விரற்கடை என்றால் நான்கு முழத்துக்கும் மேலாயிற்றே! காரிவாணர் கையை எடுத்து நெஞ்சோடு வைத்துக்கொண்டு குழந்தைபோல் அழுதார்.

மானவதரையர் கோல்களைப் பார்க்கவேயில்லை.

"அவன் உன்னை அடையாளம் கண்டானா?" என்று கேட்டார்.

"கண்டார்."

"பேசினானா?"

"பேசினார். என்னைப் பார்ப்பதற்காகவே கோபுரம் கட்டினாராம். அவரை நான் பார்க்கக் கூடாது என்பதற்காகத் தாங்கள் ஒன்று கட்டினீர்கள். இன்றைக்கு முன் நான் அவரைப் பார்த்ததே இல்லை, சுவாமி. கோபுரத்தைத்தான் பார்த்தேன். நிலை நிலையாக அது ஏறுவதைப் பார்க்கப் பார்க்க எனக்கும் ஏற வேண்டும் என்று இருந்தது."

"அதை என்னிடம் சொல்லியிருக்கலாமே!"

"ஒவ்வொரு மாலையும் சொன்னேன். தாங்கள் என் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தீர்கள், சொல்லைக் கேட்கவில்லை. இன்று ஒருவருடைய கை போகவிருந்தது. அதற்குப் பிறகும் தாங்கள் முதலில் கேட்டது அவரைப் பற்றித்தான்."

அவள் தோலுரிந்த வலக்கையை நீட்டினாள்.

"பெருந்தச்சரே, கோல் வெட்டுங்கள். கொற்றவை ஆணையாகச் சொல்கிறேன், சபையோர் கேளுங்கள்! இந்தக் கையின் அளவால் ஒரு கோபுரம் எழுந்து, அதன் உச்சியில் நான் ஏறி நிற்கும் வரையில் இந்த மாளிகையில் கால் வைக்க மாட்டேன். கல் தச்சர்களின் குடில்களே என் இல்லம்!"

காரிவாணர் அவள் முழங்கையில் நூலைப் பிடித்தார். அரையரின் முகம் சாம்பிப்போயிற்று. அவர் படிகளில் இறங்கி அவளருகில் வந்தார், குரல் தாழ்ந்திருந்தது.

"யாருக்காக, நங்கை? யார் பார்ப்பதற்காக அந்தக் கோபுரம்?"

"யாரும் பார்க்க வேண்டாம். நான் ஏறிப் பார்ப்பதற்கு."

சொல்லிவிட்டு அவள் வெளியே நடந்தாள். பின்னாலேயே பெருந்தச்சரும் போனார். மானவதரையர் வாசல்வரை வந்து நின்றார். அன்று மாலை அவர் கலியமாறரை அடியோடு மறந்துபோனார். இன்னும் ஒரு கல்கூட நாட்டப்படாத ஒரு கோபுரத்தின்மீது அவருக்குப் பொறாமை பற்றிக்கொண்டுவிட்டது.