போன கணக்குக்குத்தான் வாசல் திறக்கும்

மத்தியானம் ஊரடங்கு எடுத்ததும் கடைக்குப் போனேன். திருகோணமலை உட்துறைமுக வீதியில் எங்களுடைய கொமினிகேசன் கடை. முன்னால் போன் கதைக்கும் பெட்டியும் போட்டோக் கொப்பி மெசினும், பின்னறையில் வரிசையாக நாலு கம்பியூட்டர். சட்டரைத் தூக்கினால் முதலில் பூட்டிக்கிடந்த கடையின் புழுக்க மணம் வரும், பிறகு துறைமுகத்து டீசல் மணம் வரும். அன்றைக்கு இரண்டுக்கும் முன்னால் உப்புத் தண்ணீர் மணம் வந்தது. கூரை ஒழுகியிருக்கும் என்று வீட்டுக்காரரை வாய்க்குள் திட்டிக்கொண்டே லைற்றைப் போட்டேன்.

கூரை ஒழுகவில்லை. நிலமும் காய்ந்துதான் கிடந்தது. மூலையில் இருந்த கடைசிக் கதிரை மட்டும் ஊறிப்போயிருந்தது.

அது என் தம்பி குலசிங்கத்தின் கதிரை.

அவன் கம்பியூட்டர் திருத்துகிறவன். மூதூரில் ஒரு கடைக்காரரின் மெசின் பழுதென்று லாஞ்சில் போனான். 'பின்னேரம் வந்திடுவன் அக்கா, என்ர மெசினில ஒருத்தரையும் இருக்க விடாதை' என்று சொல்லிவிட்டுப் போனான். மறுநாள் மூதூரில் சண்டை தொடங்கியது. சனம் நடந்தும் வள்ளத்திலும் வந்து சேர்ந்தது. வந்த ஒவ்வொரு கூட்டத்தின் முகத்தையும் பார்த்தேன். அவன் இல்லை. ஆஸ்பத்திரி, பள்ளிக்கூடம், கோயில் மடம் என்று நான் தேடாத இடம் இல்லை.

தாய் தகப்பன் போனபிறகு எனக்கென்று இருந்தது அவன் ஒருத்தன்தான். அவன் சொன்னபடியே அவனுடைய மெசினின் வயரைக் கழற்றிச் சுற்றி, மேசைமேல் வைத்தேன். வந்து தானே கொழுவட்டும் என்று.

சல்லியிலிருந்து இராசையா மாமா கிழமைக்கொரு தரம் வருவார். வந்து முன்வாங்கில் இருந்துகொண்டு ஒரே கதைதான் கதைப்பார்.

"பிள்ளை, ஆள் இல்லையெண்டு ஆகிப்போச்சு. கன்னியா வெந்நீர்க் கிணத்தடிக்குப் போய் அந்தியேட்டிக் கிரியையைச் செய்வம். இல்லாட்டி அவன்ர ஆத்மா அலையும்."

"உயிரோட இருக்கிறவனுக்கு அந்தியேட்டி செய்யச் சொல்லுறீங்களோ?"

"உனக்கு என்னண்டு தெரியும் இருக்கிறான் எண்டு?"

"உங்களுக்கு என்னண்டு தெரியும் இல்லையெண்டு?"

அவர் தேத்தண்ணியை வைத்துவிட்டு எழும்பிப் போய்விடுவார். எனக்கு மாமாவில் கோபம் இல்லை. அவர் கேட்ட கேள்வியில்தான் கோபம்.

கிண்ணியாவுக்குப் பாதைப்படகு ஓடத் தொடங்கிய பிறகு பக்கீர் வந்தான். தம்பியின் கூட்டாளி. இரண்டு பேரும் இரவு பகல் பாராமல் ஒரு இன்டர்நெட் விளையாட்டு விளையாடுவார்கள். வாளும் விளக்குமாகக் கீழே கீழே இறங்கிப் பேய்களை வெட்டுகிற விளையாட்டு. அதற்கு ஏதோ ஆங்கிலப் பெயர், பெடியள் அதைக் கிடங்கு என்பார்கள். கரண்டுச் செலவு யார் கட்டுகிறது என்று நான் கத்தினால், 'அக்காவும் வாங்கோ' என்று தம்பி பகிடி விடுவான். எனக்கென்று அதில் ஒரு பெண் பாத்திரம்கூடச் செய்து, 'அக்கா' என்று ஆங்கில எழுத்தில் பெயரும் போட்டு வைத்திருந்தான். நான் அதைத் தொட்டதே இல்லை.

பக்கீர் தம்பியின் கதிரைக்குப் பக்கத்து மெசினில் இருந்து விளையாட்டைத் திறந்தான். திறந்தவன் அப்படியே இருந்துவிட்டான்.

"அக்கா, இஞ்ச வாங்க."

கூட்டாளிமாரின் பெயர்கள் ஒரு ஓரத்தில் இருந்தன. எல்லாம் இருண்டு கிடக்க, ஒரு பெயர் மட்டும் பச்சையாக இருந்தது. தம்பியின் பெயர்.

"குலம் உள்ளுக்கு நிக்கான்" என்றான் பக்கீர்.

சந்தோசத்தில் பக்கீரின் தோளைப் பிடித்து உலுக்கினேன். எங்கேயோ ஒரு கம்பியூட்டருக்கு முன்னால் என் தம்பி இருக்கிறான். பக்கீர் எழுதி எழுதிப் பார்த்தான். ஒரு பதிலும் வரவில்லை.

"வேற ஆரும் அவன்ர பேரில விளையாட ஏலாதோ?"

"பாஸ்வேட் வேணும். எனக்கும் சொல்லமாட்டான்." அவன் திரையைக் கிட்டப் போய்ப் பார்த்தான். "அடித் தளத்தில நிக்கான் அக்கா. தனிய. அங்க தனியப் போகவே ஏலா."

அன்றைக்கே அந்த விளையாட்டை எனக்குப் படிப்பிக்கச் சொன்னேன்.

வாழ்க்கையில் நான் படித்த படிப்பில் இதுதான் பெரிய விசர்ப் படிப்பு. கதை முழுவதையும் ஒரு மாதிரி முடித்தேன். கடைசியில் ஒரு ராட்சத அரசன், அவனையும் பக்கீரின் உதவியோடு வெட்டி விழுத்தினேன். ஊர்ச்சனம் மேளம் அடித்தது, பாட்டு வந்தது. அப்பாடா என்று எழும்பினேன்.

"இருங்க, இனித்தான் விளையாட்டுத் தொடங்கும்" என்றான் பக்கீர். "இதுக்குப் பேர்தான் என்ட்கேம்."

"அரசன் செத்திட்டான். இனி என்னத்துக்கு வெட்டுறது?"

"இனிக் கதை இல்ல அக்கா. போன இடங்களுக்கே திருப்பிப் போறது. முந்தி வெளிச்சமா இருந்த இடம் இப்ப இருட்டாயிரிக்கும். அதுக்குக் கீழ ஒரு தளம், அதுக்குக் கீழ இன்னொரு தளம். ஒரு தளத்தில நஞ்சு, ஒரு தளத்தில தண்ணி, ஒரு தளத்தில காயம் ஆறாது. ஒரு தளத்தில கிடைக்கிற சாமானை வெச்சு அடுத்ததுக்கு இறங்கலாம்."

"எங்க போய் முடியும்?"

"முடியாது. அதுதான் அதுட வேலை."

அந்த வருசத்துத் திருகோணமலைக்கு அதை விளங்கப்படுத்தத் தேவையில்லை. நல்லாக விளங்கியது.

முக்கியமான சட்டங்களை அவன் விரல்விட்டுச் சொன்னான். உள்ளே உயிரோடு நிற்கிற ஆளின் பெயர் தலைக்குமேல் வெள்ளையாக இருக்கும். விழுந்துபோன ஆளின் பெயர் சாம்பல் நிறம். விழுந்தவன் விளக்கில்லாமல் அந்த இடத்திலேயே நிற்பான். கிட்டப் போனால்தான் நிறம் தெரியும், ஓரத்துப் பெயர்ப்பட்டியலில் இரண்டுமே பச்சைதான். விழுந்தவனைத் தூக்குவதென்றால் எங்களுடைய விளக்கை அவனிடம் கொடுக்க வேண்டும்.

"குடுத்தாச் சரிதானே?"

"சரியில்ல. வாசல் போன கணக்குக்குத்தான் திறக்கும். ரெண்டு பேர் இறங்கினா ரெண்டு பேர்தான் ஏறலாம்."

"அப்ப விளக்கைக் குடுத்தவ?"

"நிப்பா. இன்னொராள் விளக்குக் கொண்டு வரும்வரைக்கும்."

எனக்கு வேண்டியது நிறம் மட்டும். வெள்ளையென்றால் தேடுவேன். சாம்பலென்றால் மாமாவோடு கன்னியாவுக்குப் போவேன். இந்த இரண்டுக்கும் நடுவில் கிடந்து என்னால் ஏலாமல் போயிருந்தது. சோறு இறங்கவில்லை. தெருவில் வான் வண்டி வந்து நின்றால் எழும்பி வாசலுக்குப் போவேன், போன் அடித்தால் முதல் மணியிலேயே எடுப்பேன்.

ஊரடங்கு எடுக்கிற நேரமெல்லாம் இறங்கினோம். தளம் இறங்க இறங்கப் பின்னறையில் உப்பு மணம் கூடியது. துடைத்த கதிரை மறுநாள் திரும்பவும் நனைந்திருக்கும். பக்கீர் அதைப் பார்த்தான். நான் அதைப் பார்த்தேன். துடைத்துவிட்டுத் திரும்பவும் இறங்கினோம்.

மாரி மழை கொட்டிய ஒரு பின்னேரம் அடித் தளத்துக்கு வந்து சேர்ந்தோம். சனம் இல்லை, சட்டரைப் பாதிக்கு இறக்கியிருந்தேன். திரை முழுக்க இருட்டு. எங்கள் இரண்டு பேரின் விளக்கு மட்டும். காலடியில் தண்ணீர் அலம்புகிற சத்தம்.

"இது நான் கண்ட தளமில்ல" என்று பக்கீர் மெல்லச் சொன்னான்.

நான் கண்ட இடம்.

ஒரு இறங்குதுறை. பக்கத்தில் டயர் கட்டித் தொங்கியது. படியில் ஒரு கல் உடைந்து கம்பி வெளியே நீட்டிக்கொண்டிருந்தது. மூதூரில் லாஞ்சால் இறங்கும்போது அந்தக் கம்பியில் என் சேலை ஒருமுறை கிழிந்திருக்கிறது.

இந்த விளையாட்டைச் செய்தவர்கள் எந்த நாட்டுக்காரரோ. அவர்களுக்கு அந்தக் கம்பியை யார் காட்டியது?

"அக்கா, திரும்புவம்."

"நட."

துறையின் கடைசியில் ஒரு உருவம் கடலைப் பார்த்துக்கொண்டு நின்றது. கையில் விளக்கு இல்லை. நடந்தோம். தலைக்குமேல் பெயர் மெதுவாகத் தெளிந்தது.

சாம்பல்.

எவ்வளவு நேரம் அதைப் பார்த்தேனோ தெரியாது. அழுகை வரவில்லை. என் தம்பி செத்துப்போனான். அந்தப் படியில் அல்லது அந்தத் தண்ணீரில். ஒருத்தரும் கிட்ட இல்லாமல்.

மூலை மெசினின் திரை மெல்ல வெளிச்சமானது.

தம்பியின் மெசின். வயர் நான் சுற்றிவைத்தபடி மேசைமேல்தான் கிடந்தது.

கதிரை கிறீச்சிட்டது.

"திரும்பிப் பாக்காதீங்க" என்று பக்கீர் கிசுகிசுத்தான். அவனுடைய உதடு வெளிறிப்போயிருந்தது.

என் திரையின் அடியில் எழுத்து ஒவ்வொன்றாக வந்தது. தம்பி எழுதுகிற மாதிரியே, ஆங்கில எழுத்தில் தமிழ்.

'அக்கா. தண்ணி குளிருது.'

"தூக்காதீங்க அக்கா. ரெண்டு பேர்தான் ஏறலாம். நிறத்தைப் பாத்தாச்சி, அதுக்குத்தானே வந்த. வாங்க."

பக்கீர் சொன்னது சரி. நிறத்தைப் பார்க்கத்தான் வந்தேன். ஆனால் குளிரில் நிற்கிற தம்பியை விட்டுவிட்டு எந்த அக்கா படியேறுவாள்? விளையாட்டுத்தானே என்று நினைத்தேன். விளையாட்டில்லை என்றும் அந்த நேரமே தெரியும். விரலை வைத்து அமத்தினேன்.

என் பாத்திரத்தின் கையிலிருந்த விளக்கு தம்பியின் கைக்குப் போனது. அவன் திரும்பினான். வாசல் திறந்தது. பக்கீரும் அவனும் உள்ளே போக, வாசல் மூடியது. 'அக்கா' என்ற பெயரோடு அந்தப் பெண் துறையின் கடைசியில், கடலைப் பார்த்துக்கொண்டு, இருட்டில் தனியே நின்றாள்.

கரண்ட் போய்விட்டது.

இருட்டில் கதிரை பின்னுக்குத் தள்ளுப்பட்டது. ஈரக்கால் நிலத்தில் படுகிற சத்தம் எங்களைக் கடந்து போனது. எனக்குப் பின்னால் வந்து ஒருகணம் நின்றது. பிறகு சட்டருக்குக் கீழாக வெளியே மழைக்குள் போனது.

பக்கீர் தன் வாய்க்குள் ஓதிக்கொண்டிருந்தான். நான் அப்போதுதான் அழுதேன். பயத்தில் இல்லை. போய்விட்டான், வெளியே வந்துவிட்டான் என்ற நிம்மதியில்.

அடுத்த கிழமை மாமாவிடம் சொன்னேன், செய்வம் என்று. பாதை திறந்த ஒரு காலையில் கன்னியாவுக்குப் போனோம். ஐயர் தம்பியின் பெயரும் நட்சத்திரமும் சொல்லிக் கிரியை செய்தார். பிறகு வெந்நீர்க் கிணறுகளில் முழுகச் சொன்னார். மாமா வாளியை ஊற்றிவிட்டு, "இண்டைக்கு நல்லாச் சுடுது" என்றார்.

நான் ஊற்றினேன். குளிர்ந்தது.

அடுத்த கிணறும் குளிர்ந்தது. கடல் தண்ணீர் மாதிரிக் குளிர்ந்தது. மாமாவின் தோளில் ஆவி பறந்துகொண்டிருந்தது.

அவரிடம் நான் சொல்லவில்லை. பாவம், ஒரு சாவு போதும் அவருக்கு.

அதன்பிறகு தம்பியின் கதிரை நனையவேயில்லை. விளையாட்டில் அவன் பெயரும் இருண்டுபோனது. இப்போது ஈரமாக இருப்பது கடை முன்னால் நான் இருக்கிற கதிரை. எழும்பினால் சேலையில் ஈரம். மோந்தால் உப்பு. வெயிலில் நின்றாலும் குளிர்கிறது. ஆஸ்பத்திரியில் இரத்தம் எடுத்துப் பார்த்துவிட்டு ஒன்றும் இல்லை என்றார்கள்.

பக்கீர் கட்டாருக்கு வேலைக்குப் போய்விட்டான். நேற்றுப் பின்னேரம் கடைப் போனுக்கு எடுத்தான். சுகம் கேட்டான், சம்பளம் பற்றிக் கதைத்தான். பிறகு குரல் தாழ்ந்தது.

"அக்கா, நீங்க கிடங்கு விளையாடுறீங்களா?"

"விசரே. அண்டைக்குப் பிறகு நான் தொடவேயில்லை."

"உங்கட பேர் பச்சையா இரிக்கி. கன நாளா. அடித் தளத்தில."

என் சேலை நனைந்துகொண்டிருந்தது.

"எனக்கு நித்திரை வருதில்ல அக்கா. உங்களை விட்டுட்டு ஏறினது நான்தானே. நான் இறங்கட்டா? விளக்குக் கொண்டு வாறன்."

"கேள் தம்பி" என்றேன். "நீ ஒரு காலமும் அங்க வரக்கூடாது. விளங்குதோ? நான் அப்பிடியே நிக்கிறன். பரவாயில்லை."

அந்தப்பக்கம் விசைப்பலகையில் விரல் தட்டுகிற சத்தம் மட்டும் கேட்டது. பிறகு அதுவும் நின்றது.

"பக்கீர்?"

"வரவேணாம் எண்டு வாயால சொல்றீங்க" என்றான் அவன் மெல்ல. "பிறகு என்னத்துக்கு அக்கா இப்பிடி எழுதுறீங்க?"

"நான் ஒண்டும் எழுதேல்லை. என்ர கையில போன் மட்டும்தான் கிடக்கு. என்ன வந்திருக்கு?"

"'தம்பி, தண்ணி குளிருது. கெதியா வா' எண்டு."

இறங்காதை, இறங்காதை என்று நான் கத்தியது அவனுக்குக் கேட்டதோ தெரியாது, லைன் அறுந்துவிட்டது. நேற்றிலிருந்து திருப்பித் திருப்பி எடுத்துக்கொண்டிருக்கிறேன். மணி அடிக்கிறது. அவன் எடுக்கிறானில்லை. இன்று காலையிலிருந்து என் கதிரை காய்ந்துபோய்க் கிடக்கிறது.