வெள்ளூரணியில் யாரும் ஊரை விட்டுப் போகவில்லை

"என் பேரு சோணைராசு. வயசு இருவத்திரெண்டு. இருக்குறது வெள்ளூரணி."

மூன்றாவது வாக்கியம் பொய். சோணைராசு படுத்திருந்தது செம்மேடு நகரத்தின் ஏழாம் சுரங்கத்தில், இரண்டடுக்குக் கட்டிலின் மேல்தட்டில். ஆனால் பெயர், வயது, மூச்சுரிமை உள்ள ஊர் மூன்றையும் சொல்லாவிட்டால் பேச்செழுதி அதற்குமேல் ஒரு சொல்லையும் எழுதிக்கொள்ளாது. கூடத்தில் படுத்திருந்த அத்தனை பேரும் இப்படித்தான் தங்கள் ஊர்ப் பெயரைச் சொல்லிக் கடிதம் பேசிக்கொண்டிருந்தார்கள். ஊரில் இருக்கிறவன் ஊருக்கே எதற்குக் கடிதம் எழுதுகிறான் என்று காற்று வாரியம் கேட்டதில்லை. கேட்டால் செவ்வாயில் சுரங்கம் தோண்ட ஆள் இருக்காது.

நகரத்தைப் பொறுத்தவரை அவர்கள் காலையில் வந்து மாலையில் ஊர் திரும்புகிறவர்கள். மூச்சு விடுகிற இடத்தில் அவர்களுக்குக் கணக்கில்லை. கணக்கு இருக்கிற இடத்தில் அவர்கள் மூச்சு விடவில்லை.

வெள்ளூரணிக்கு வயது மூன்று தலைமுறை. பூமியில் அதே பெயரில் ஓர் ஊர் இருந்தது. அங்கே ஊரணி வற்றி, குடிதண்ணீரும் போனபிறகு, மிச்சமிருந்த குடும்பங்கள் கருப்பசாமியின் பிடிமண்ணோடும் குதிரைவாலி விதையோடும் சினையாடுகளோடும் கப்பலேறின. செவ்வாயின் பள்ளம் ஒன்றில் பனிப்பாறையை உருக்கி மறுபடியும் ஓர் ஊரணி வெட்டின. மேலே காற்றுக்குடை கவிழ்ந்தது. கல்யாணமும் காதுகுத்துமாக ஊர் நானூறு பேர்வரை பெருகியது.

பிறகு விதைக்க இயந்திரம் வந்தது. அறுக்கவும் வந்தது. ஊருக்கு மனிதர்கள் ஒரே ஒரு வேலைக்குத்தான் தேவைப்பட்டார்கள்: மூச்சு விட. ஒவ்வொரு வீட்டு நிலைக்கு மேலும் ஒரு மூச்சுமானி இருந்தது. அந்தந்த வீட்டார் வெளிவிடும் மூச்சை அளந்து அது வாரியத்துக்குச் சொல்லும். முந்நூறு மூச்சுக்குக் கீழே போனால் குடையை அணைத்து, ஊரைச் செம்மேட்டோடு சேர்த்துவிடுவார்கள். வீட்டுக்கு விதித்ததைவிட மூச்சு ஒன்று கூடினாலும் வம்பு. காற்று அளந்துதான் வருகிறது.

இளவட்டங்கள் நகரத்துக்கு நழுவத் தொடங்கியபோது ஊர் பயந்தது உண்மை. அந்தச் சமயத்தில், நகரத்துக்குப் போய்விட்ட தங்கமாயன் என்பவன் வீட்டில் ஒரு கிடா, குளிருக்கு ஒதுங்கி உள்ளே படுத்தது. மூச்சுமானி அதையும் எண்ணியது. அன்றிலிருந்து அது வழக்கமாயிற்று. பிள்ளை கிளம்புகிற அன்று ஒரு கிடாவுக்கு அவன் பெயரை வைத்து, காது குத்தி, வீட்டுக்குள் கட்டுவார்கள். வளர்ந்த கிடாவின் மூச்சு ஒல்லியான ஆளுக்குச் சரியாக வரும். தங்கமாயன் பருத்த உடம்புக்காரன் என்பதால் அவன் வீட்டில் கூடவே ஒரு குட்டியும் வேண்டியிருந்தது.

பிள்ளை பெயர் வைத்த கிடாவை யார் வெட்டுவார்கள்? கருப்பன் கும்பிடு விழாவிலும் பூசணிக்காய்தான் விழுந்தது.

போன மாதம் வாரியம் வெள்ளூரணிக்கு முன்மாதிரி ஊர் விருது கொடுத்தது. செம்மேட்டுச் சதுக்கத்தில் பெரிய திரை வைத்துக் காட்டினார்கள். "நகர மோகத்தில் அலையும் இளைஞர்களே, வெள்ளூரணியைப் பாருங்கள். மூன்று தலைமுறையில் ஒருவர்கூட ஊரை விட்டுப் போகவில்லை!" என்றார் அதிகாரி. சதுக்கம் முழுக்கக் கைதட்டல். தட்டியவர்களில் பாதிப்பேர் வெள்ளூரணிக்காரர்கள்.

அன்றிலிருந்து சோணைராசுவுக்கு ஒரே கனவாக வந்தது. நீலமாகப் பொழுது சாய்கிறது. ஊரணிக்கரை ஈரத்தில் அவன் படுத்திருக்கிறான். வாயில் அகத்திக்கீரை. எங்கிருந்தோ அம்மாவின் கை வந்து அவன் கழுத்தை நீவிக்கொண்டே இருக்கிறது. விழித்த பிறகும் நாக்கில் கீரையின் கசப்பு இருக்கும்.

ஏழாம் சுரங்க வேலை முடிகிற தறுவாயில் இருந்தது. புழுதிக்காலம் தொடங்குவதற்குள் ஊர்ப்பக்கம் போகும் கடைசி மணலூர்தி கிளம்பத் தயாராக நின்றது. எட்டாம் சுரங்கத்தில் பெயர் கொடுப்பதா, ஊர்தியில் ஏறுவதா என்று இரண்டு நாள் நகத்தைக் கடித்தான். பிறகு ஊர்த்தலைவர் வேலாண்டியைத் திரையில் கூப்பிட்டான். அவனுக்கு அவர் மாமன் முறை.

"மாமா, நான் ஊருக்கே வந்துரலாம்னு இருக்கேன்."

"அடேய் மருமகனே! நெசமாத்தான் சொல்றியா?" வேலாண்டி துண்டை உதறி எழுந்தார். "பூசணிக்காய வெட்டி வெட்டி அருவாளுக்கே வெக்கமாப் போச்சுடா. நீ வண்டி ஏறுன ஒடனே சேதி சொல்லு. மசாலா அரைக்கச் சொல்லிர்றேன்."

"மசாலா எதுக்கு மாமா?"

"நல்லாக் கேட்ட போ. நீயும் வந்து, அவனும் இருந்தா ஒன் வீட்ல மூச்சு கூடிருமுல்ல? வாரியத்துக்காரன் வந்து நிக்க மாட்டானா? ஒண்ணு கொறஞ்சே ஆகணும். ஊரே கறி வாசத்த மறந்து கெடக்கு. மொத ஆளா நீ திரும்புற. மகராசனா இரு!"

அவர் திரையைத் தூக்கிக்கொண்டு அவன் வீட்டுக்கு நடந்தார். அம்மா பஞ்சவர்ணம் வாசலில் தீவனம் பிசைந்துகொண்டிருந்தாள். மகன் முகத்தைக் கண்டதும் முந்தானையில் கையைத் துடைத்தாள்.

"ராசு, தள்ளி நில்லு. மூஞ்சில இடிக்காத."

சோணைராசு சட்டென்று பின்னால் நகர்ந்தான். அவள் சொன்னது அவனை அல்ல. அவள் தோளுக்கு மேலே ஒரு கருங்கிடா தலையை நீட்டியது. நல்ல செழிப்பு. காதில் வளையம் மின்னியது.

"யாத்தா, நான் ஊருக்கு வரட்டுமா?"

"வாய்யா. இதென்ன கேள்வி, ஒன் வீடு." சொல்லிவிட்டு அவள் கை கிடாவின் நெற்றிக்குப் போனது. "எப்பய்யா வர்ற?"

"கருப்பன் கும்பிடுக்கு முந்தி."

"அம்புட்டு வெரசாவா?"

வேலாண்டி சிரித்தார். "என்ன தங்கச்சி, பெத்த புள்ள வர்றேங்குறான், மூஞ்சி இப்படிப் போகுது?"

"ஒண்ணுமில்லண்ணே." அவள் திரையைப் பார்க்காமல் பேசினாள். "நீ போன புதுசுல இவன் பச்சத்தண்ணி கூடக் குடிக்கலய்யா. ராத்திரியெல்லாம் கத்துவான். கழுத்துல கைய வச்சாத்தான் கண்ண மூடுவான். இப்பத்தான் நல்லாத் திங்கிறான். இவன் வயிறு நெறஞ்சா, அங்க ஒனக்கும் நெறயும்னு ஒரு எண்ணம்."

கிடா அசைபோட்டபடியே, வாசலில் வந்து நிற்கும் அசலூர்க்காரனைப் பார்ப்பதுபோல சோணைராசுவைப் பார்த்தது.

"நீ வா சாமி," என்றாள் அம்மா. கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "நீதான முக்கியம். நான் இவன அண்ணன்கிட்டப் புடிச்சுக் குடுத்துர்றேன்." சொல்லும்போதே கயிற்றைக் கையில் இரண்டு சுற்றுச் சுற்றி இறுக்கிப் பிடித்திருந்தாள்.

"யோசிச்சுச் சொல்றேன்த்தா," என்று அவன் திரையை அணைத்தான்.

கீழ்த்தட்டில் படுத்திருந்த மாயழகு அதே ஊர்க்காரன். வந்து எட்டு வருடமாகிறது.

"என்னடா, பார்த்தியா ஒன் கெடா அண்ணன?"

"அது என்னண்ணே, எங்கம்மா இப்படி..."

"எல்லா வீட்லயும் அதே கததான். எங்கப்பன் என்கிட்ட ஒரு நாளும் மொகங்குடுத்துப் பேசுனதில்ல. என் கெடாகிட்ட பொழுதன்னைக்கும் பேசுறாராம். வெதப்பு, புழுதி, அரசியல் அம்புட்டும். அத வெட்டிட்டு நான் போய் நின்னா, மறுபடி மொகத்தத் திருப்பிக்குவாரு." மாயழகு சுவர்ப்பக்கம் புரண்டான். "இத்தன பேரு வந்தமே, ஒருத்தனும் ஏன் திரும்பலன்னு நெனச்ச? நகரத்து மேல ஆசையா?"

சுரங்கத்தின் காற்றுக்குழாய் எங்கோ மெல்ல இரைந்தது. சோணைராசு வெகுநேரம் கண்ணை மூடிக் கிடந்தான். அந்த நேரம் அம்மாவின் கை எந்தக் கழுத்தில் இருக்கும் என்று அவனுக்குத் தெரியும். ஆனாலும் தன் கழுத்தில் வெதுவெதுப்பாக ஏதோ படர்ந்தது. விடிந்ததும் எட்டாம் சுரங்கத்தில் பெயர் கொடுத்துவிட்டு வந்து, பேச்செழுதியை எடுத்தான். ஊருக்கு வரும் கடிதங்கள் சாவடித் திரையில் விழும். முதலில் பார்க்கிறவர் உரியவர் வீட்டில் போய் வாசித்துக் காட்டுவது அங்கே முறை.

"என் பேரு சோணைராசு. வயசு இருவத்திரெண்டு. இருக்குறது வெள்ளூரணி.

யாத்தா, இங்க வேல நீண்டு போச்சு. இந்த வருசம் வரத் தோதுப்படல. கயித்த அவுத்துறாத. மாமாகிட்ட மசாலா வேணாம்னு சொல்லிரு.

இத வாசிக்கிறவங்க யாரா இருந்தாலும் ஒரு ஒத்தாச பண்ணணும். மேளச் சத்தம் கேட்டா எனக்கு ஒதறும். அவனுக்கும் ஒதறும்னு நெனைக்கிறேன். கும்பிடு அன்னைக்கு யாராச்சும் ராசு பக்கத்துல நில்லுங்க. தனியா விட்டுறாதீங்க."