வளைவுக்குள் ஒதுங்கி நிற்பவள்

மெக்னெஸ் நகரின் மேற்கு வாசல் பக்கமே தலைகாட்டாமல், ஒரு வருடமாக ஊரைச் சுற்றிக்கொண்டு போய்வந்தான் புவஸ்ஸா. இன்று தப்ப முடியவில்லை. மலையூரிலிருந்து வந்த மாமியார் இத்தோ, மகள் செத்த இடத்தைப் பார்த்தே ஆகவேண்டும் என்று பிடிவாதமாகக் கோவேறு கழுதைமேல் உட்கார்ந்திருந்தாள்.

கோட்டைச் சுவருக்குள்ளேயே இரண்டு முறை திரும்பும் வாசல் அது. உச்சிவெயிலிலும் உள்ளே இருட்டு. ஈரச் சுண்ணாம்பும் சாணமும் நாறும். எதிரே வருபவர் கண்ணுக்குத் தெரியமாட்டார். அதனால் கழுதைக்காரன் வெளியே நின்று குரல் கொடுப்பான். உள்ளே இருப்பவர் பதில் சொல்லிவிட்டுச் சுவரோடு ஒதுங்குவார். சின்னப் பிள்ளைக்கும் தெரிந்த வழக்கம்.

போன வருடம் அவன் மனைவி ரக்கியா, சுடாத ரொட்டிகளைப் பலகையில் ஏந்திப் பொது அடுப்புக்குப் போனபோது, உத்தரம் ஏற்றிய அவன் கழுதையே அவளைச் சுவரோடு நசுக்கியது. தான் கத்தியதாகவும் அவளுக்குக் கேட்கவில்லை என்றும் சொன்னான். அவளுக்கு ஒரு காது மந்தம் என்பதால் ஊர் நம்பியது.

"அந்தக் காது என்னாலதான் போச்சு மாப்ள," என்றாள் இத்தோ, இறங்கியபடி. "சின்னதுல சீழ் வடிஞ்சப்போ எண்ணெயைச் சூடா ஊத்திட்டேன். நான்தான் அவளைக் கொன்னேன்."

இதையே சொல்லி அழுது பாதியாகியிருந்தாள், பாவம். புவஸ்ஸா முகத்தைத் திருப்பிக்கொண்டு குரல் கொடுத்தான். அது முனகலாகத்தான் வந்தது.

"வழி..."

"நிக்கிறேன், வாங்க."

கழுதை பின்வாங்கியது.

அந்தப் பெண்குரலோடு புளித்த மாவின் வாசனையும் உள்ளிருந்து வந்தது.

"என் பொண்ணு," என்று கிசுகிசுத்தாள் இத்தோ. பிறகு அவன் பக்கம் திரும்பினாள். "இந்த முனகலே அவளுக்குக் கேக்குதே. அன்னைக்கு நீ கத்தினியா?"

"இல்ல அத்தை. காலையில அவளோட சண்டை. யார்கிட்டயும் பேசப் பிடிக்காம, வாயே திறக்காம நுழைஞ்சேன்."

அவள் அடிக்கவில்லை, சபிக்கவில்லை. எண்ணெய் ஊற்றிய கையை ஒரு முறை பார்த்துவிட்டு, சுவரைத் தடவிக்கொண்டு உள்ளே நடந்தாள். அவனும் பின்னால் போனான்.

இரண்டாவது திருப்பத்தில் யாரும் இல்லை.

சுவரில் மட்டும், ஈர மாவில் பதிந்த ஐந்து விரல்கள். இத்தோ அதன்மேல் தன் கையை வைத்து, சத்தமில்லாமல் அழுதாள்.

அப்போது வெளியே வேறொரு கழுதைக்காரன், "வழி, வழி!" என்று கத்தினான்.

இருவரும் வாய் திறக்கும் முன்பே, அவர்களுக்கு நடுவிலிருந்து பதில் போனது.

"நிக்கிறேன், வாங்க."