நீல இரிடியத்தைத் தொட்டவன்

அந்த மாடி அறையில் மொத்தம் ஐந்து பேர்.

ஜன்னலோர நாற்காலியில் மோகனப்பிரியா. செராமிக் டிப்ளமோ முடித்தவள். குஜராத்தில் டைல்ஸ் கம்பெனி ஒன்றில் வேலை கிடைத்து, இன்று சாயங்காலம் விருத்தாசலம் ஜங்ஷனில் ரயிலேற வேண்டியவள்.

அவளுக்கு எதிரே நந்தகுமார். மங்கலம்பேட்டையில் செல்போன் கடை வைத்திருப்பவன்.

சுவரோர ஸ்டூலில் ஆனந்தராஜ். கீழே இருக்கும் பீங்கான் பட்டறையின் பார்ட்னர்.

கதவை அடைத்துக்கொண்டு ஏட்டு மாயவன். அவர் மட்டும் நின்றுகொண்டிருந்தார்.

நடு மேஜையில் இன்ஸ்பெக்டர் அம்சவல்லி. முன்னால் ஒரு வெள்ளைத்தாள். 'அனுப்புநர்' என்று எழுதி, அதற்கு ஸ்கேல் வைத்து அடிக்கோடு போட்டுக்கொண்டிருந்தார்.

கம்ப்யூட்டர் முன்னால் இருந்த சுழல் நாற்காலி மட்டும் காலி.

அதில் உட்கார வேண்டிய வளவன், பட்டறையின் இன்னொரு பார்ட்னர், ஆஸ்பத்திரி மார்ச்சுவரியில் படுத்திருந்தான்.

பின்மண்டை பிளந்து!

"இவதான் மேடம்!" நந்தகுமார் விரலை நீட்டினான். "இன்னும் என்னா யோசனை? விலங்கை மாட்டுங்க!"

"விரலை மடக்குடா. ஒடிச்சிடுவேன்!" மோகனப்பிரியா சீறினாள்.

"பாத்தீங்களா? போலீசு முன்னாடியே இந்தப் பேச்சு! முந்தாநேத்து மத்தியானம் வளவன்கிட்ட என்னா சொன்னா தெரியுமா? 'உன் மண்டையைப் பொளந்துடுவேன்'னு கத்தினா. பட்டறை ஜனம் மொத்தமும் கேட்டுது."

அம்சவல்லி தாளிலிருந்து நிமிரவில்லை.

"சொன்னியாம்மா?"

"சொன்னேன்."

"பொளந்தியா?"

"பொளக்கல!"

"எதுக்குச் சண்டை?"

"நீல இரிடியத்துக்கு."

பேனா நின்றது.

"அது என்னா? பீங்கானுக்குப் பூசுற கலவையா?"

நந்தகுமார் தலையில் அடித்துக்கொண்டான்.

"கேமு மேடம்! உளவாளி கேமு. நாங்க மூணு பேரும் ஒரே டீமு. ஊர் ஊரா பூந்து பொருள் பொறுக்கணும். கம்பி, லென்ஸ், பேட்டரி... அதை வெச்சி கருவி செய்யணும். கம்பியெல்லாம் ரோட்டுலயே கெடக்கும். நீல இரிடியம் அப்டி இல்ல. துறைமுகத்துல, கலங்கரை விளக்கத்துக்கு அடியில, புயல் அடிக்கிறப்ப மட்டும்தான் கண்ணுல படும். எங்க டீமுல வளவன் ஒருத்தனுக்குத்தான் மாட்டுச்சு."

"அதுல என்னா செய்யலாம்?"

"முகமூடி! எதிரி மூஞ்சியையே மாட்டிக்கிட்டு அவன் கோட்டைக்குள்ள போயிடலாம். செய்யுடா, செய்யுடான்னு காலுல விழாத குறை."

"செய்யலியா?"

"கஞ்சப்பய," என்றாள் மோகனப்பிரியா. "ஒரு வருஷமா பையில வெச்சி அழகு பாத்தான். அன்னிக்கும் கேட்டேன். 'உயிரே போனாலும் அதைத் தொடமாட்டேன்'னு திமிரா சொன்னான். எனக்குச் சுருக்குனு வந்துடுச்சி. கத்திட்டுப் போயிட்டேன்."

"செத்தவனைத் திட்டுறா பாருங்க மேடம்!"

"உயிரோட இருந்தப்பவும் திட்டினேன். செத்துட்டா கஞ்சன் வள்ளல் ஆயிடுவானா?"

ஸ்டூலில் இருந்த ஆனந்தராஜ் கைகளைக் கூப்பினான்.

"சின்னப் புள்ளைங்க... விடுங்க மேடம். இந்தக் கேமெல்லாம் எனக்கு ஒரு எழவும் புரியாது. ஆனா தம்பி போயிடுச்சே... அது ஒண்ணுதான் எனக்கு."

கண்ணைத் துடைத்துக்கொண்டான்.

கண் காய்ந்துதான் இருந்தது.

அம்சவல்லி தாளைக் கொஞ்சம் தள்ளி வைத்தார்.

"அன்னிக்கு நடந்ததை வரிசையா ஒரு தடவை பாத்துடலாம். மத்தியானம் சண்டை. நீ வூட்டுக்குப் போயிட்ட. பட்டறை ஆளுங்க சாப்பிடப் போனாங்க. அதுக்கப்புறம்?"

"வூட்டுலேர்ந்து கேமுக்குள்ள போனேன் மேடம். வளவன் உள்ளே இருந்தான். அவன் உளவாளி துறைமுகத்துல ஓடிக்கிட்டு இருந்துது. கூப்பிட்டேன், பதிலே சொல்லல. கோவம்னு விட்டுட்டேன்."

"நானும் கடையிலேர்ந்து பாத்தேன்," என்றான் நந்தகுமார். "சாயந்தரம் வரைக்கும் ஓடினான்."

"சாயந்தரம் நீ எதுக்கும்மா இங்க வந்த?"

மோகனப்பிரியாவின் குரல் முதல் தடவையாக இறங்கியது.

"ஊருக்குப் போறேன்னு சொல்லிட்டுப் போவலாம்னுதான். மேல வந்தா... தரையில கெடந்தான். பக்கத்துல ரத்தத்தோட அந்தக் கல்லு."

களிமண் அரைக்கிற மில்லுக்குள் போடுகிற உருண்டைக் கல். கீழே மூட்டை மூட்டையாய்க் கிடந்தது. யார் வேண்டுமானாலும் எடுத்திருக்கலாம்.

"கத்தினேன். அப்பதான் பைக்குலேர்ந்து இறங்கின ஆனந்தராஜண்ணன் மேல ஓடியாந்தாரு. 'நீ கீழ போயி ஆம்புலன்சுக்குப் போன் பண்ணு'ன்னாரு. போனேன்."

"நான் கம்மாபுரத்துல காதுகுத்துல இருந்தேன் மேடம்," ஆனந்தராஜ் அவசரமாய்ச் சொன்னான். "மத்தியானம் போனவன், சாயந்தரம்தான் வந்தேன். போட்டோவே இருக்குது."

"அப்ப கணக்கு சரியா வருது மேடம்!" நந்தகுமார் எழுந்தே விட்டான். "சாயந்தரம் வரைக்கும் கேமு ஆடிக்கிட்டு இருந்தவன், இவ வந்ததும் செத்துட்டான்! வேற யாரு?"

மோகனப்பிரியாவின் முகம் வெளுத்தது.

மனசுக்குள் ரயில் தூரமாய்ப் போய்க்கொண்டிருந்தது... அவள் ஏறாமலே!

"மாயவன், அந்தக் கம்ப்யூட்டரைப் போடுங்க. தம்பி, வளவனோட பையைத் தொறந்து காட்டு. அந்த நீலத்தை நானும் ஒரு தடவை பாத்துடறேன்."

நந்தகுமார் மவுசைத் தொட்டான். இரண்டு தட்டு.

"ஐயய்யோ!"

அலறலில் ஏட்டு மாயவனின் கை லத்திக்குப் போய்விட்டது.

"என்னாடா?"

"இல்ல மேடம்... நீல இரிடியம் இல்ல! இவ எடுத்துட்டா! கொன்னுட்டு எடுத்துட்டா!"

"மக்கு! ஒருத்தன் பொறுக்குனதை இன்னொருத்தன் எடுக்க முடியாதுன்னு உனக்குத் தெரியாது? ஹிஸ்டரியைத் தொற!"

திறந்தான்.

படித்தான்.

பொத்தென்று நாற்காலியில் விழுந்தான். கண்ணிலிருந்து பொலபொலவென்று கண்ணீர்!

வளவன் செத்த அன்றைக்குக்கூட அப்படி அழாதவன்.

"பூட்டுக்கம்பி..." என்று முனகினான். "பூட்டுக்கம்பி செஞ்சிருக்கான் மேடம்..."

"தமிழ்ல சொல்லுடா."

மோகனப்பிரியா எழுந்து வந்து திரையைப் பார்த்தாள். பல்லைக் கடித்தாள்.

"பூட்டைத் தொறக்குற கம்பி மேடம். ரோட்டுல கெடக்குற துருப்பிடிச்ச கம்பியில செய்யுறது. கையில கம்பி இல்லாம பூட்டுன கதவுகிட்ட போனா, 'பையில இருக்கிறதை வெச்சி செஞ்சிடவா?'ன்னு கேமே கேக்கும். ஆமான்னு அமுக்கினா, எது இருக்குதோ அதை எடுத்துக்கும்."

"அதனால?"

"தங்கச் சங்கிலியை உருக்கி குண்டூசி செஞ்சா எப்டி? அப்டி!"

"எப்ப செஞ்சது?"

"முந்தாநேத்து... மத்தியானச் சாப்பாட்டு வேளையில."

கீழே மில் சுற்றுகிற சத்தம் மட்டும் கடகடவென்று கேட்டது.

"மேடம்," மோகனப்பிரியா மெல்லத் திரும்பினாள். "இதைச் செஞ்சது வளவன் இல்ல. உயிரே போனாலும் தொடமாட்டேன்னவன் அவன்."

அம்சவல்லி தலையாட்டினார்.

"உயிர் போனப்புறம்தான் தொட்டிருக்காங்க."

நந்தகுமாரின் அழுகை சட்டென்று நின்றது.

"நானும் தொடமாட்டேன்," என்றாள் மோகனப்பிரியா. "இந்த மக்கும் தொடமாட்டான். இந்தக் கேமை ஒரு வாரம் ஆடினவனுக்குக்கூட அந்த 'ஆமா'வை அமுக்க கை வராது. அன்னிக்கு இந்த நாற்காலியில உக்காந்தவன்... கேமு தெரியாதவன்!"

மூன்று தலைகள் ஒரே சமயத்தில் ஸ்டூல் பக்கம் திரும்பின.

'ஒரு எழவும் புரியாது' என்று சொன்னவன் அங்கேதான் இருந்தான்.

ஆனந்தராஜ் சிரித்தான். சத்தமாகவே சிரித்தான்.

"நல்லா இருக்குது கதை! சாயந்தரம் வரைக்கும் வளவன் ஓடினான்னு இவங்களே சொன்னாங்க. நான் அப்ப காதுகுத்துல பந்தியில இருந்தேன். செத்தவன் எப்டிங்க ஓடுவான்? பேயா?"

"நியாயமான கேள்வி," என்றார் அம்சவல்லி. "எப்டிம்மா ஓடினான்?"

மோகனப்பிரியா கண்ணை மூடி யோசித்தாள். திறந்தபோது அதில் நெருப்பு.

"சுவத்துல முட்டிக்கிட்டே ஓடினான் மேடம்! துறைமுகச் சுவரு. நான் பாக்குறப்பல்லாம் அதே சுவரு. நெட்டு மக்கர் பண்ணுதுன்னு நெனச்சேன்."

"கீபோர்டைப் பாரு. முன்னாடி ஓட எதை அமுக்கணும்?"

"டபிள்யூ."

குனிந்து பார்த்தாள். அந்த ஒரு கீயின் இடுக்கில் மட்டும் வெள்ளையாய்ப் பொருக்கு. காய்ந்த களிமண்!

"வளவன் கை கழுவாம கீபோர்டைத் தொடுவானா?"

"அவனா? எங்களையே சோப்பு போட்டுட்டு வரச் சொல்லுவான்!"

அம்சவல்லி கையை நீட்டினார். மாயவன் பையிலிருந்து ஒரு பிளாஸ்டிக் கவரை எடுத்துக் கொடுத்தார். உள்ளே, எலுமிச்சம்பழ அளவில் சுட்ட களிமண் உருண்டை. ஒரு பக்கம் சதுரமாய்க் கீயின் அச்சு. மறுபக்கம் பளிச்சென்று ஒரு கட்டைவிரல் பதிவு.

"ஈரக் களிமண்ணை ஒரு உருண்டை பிடிச்சி கீ மேல அழுத்தி வெச்சிட்டா போதும். ஆளு செத்தாலும் உளவாளி ஓடிக்கிட்டே இருப்பான். சாயந்தரம் திரும்பி வந்து, இந்தப் பொண்ணைக் கீழ அனுப்பிட்டு, உருண்டையை எடுத்தாச்சு. எடுத்தது தவறி சூளை வண்டியில விழுந்திருக்குது. பாத்திரங்களோட சேந்து இதுவும் வெந்து வந்துடுச்சி."

ஆனந்தராஜின் சிரிப்பு பாதியில் உறைந்தது.

"பச்சை மண்ணா இருந்தா ரேகை கரைஞ்சிருக்கும். வெந்துட்டா? பீங்கான் தொழில் பண்றவரு... நான் சொல்லணுமா?"

அம்சவல்லி தாளில் கடைசி வரியை எழுதினார். கையெழுத்துப் போட்டார். மூன்றாய் மடித்தார். பழுப்புக் கவருக்குள் நுழைத்தார்.

"மாயவன், கோந்து."

கோந்து வந்தது.

கவரின் ஓரத்தில் விரல் மெதுவாக நகர்ந்தது.

"இந்தக் கவரு போயிடுச்சின்னா, அப்புறம் என் கையில எதுவுமே இல்ல ஆனந்தராஜ். மேல இருக்கிறவங்க முடிவுதான்."

ஆனந்தராஜின் நெற்றியில் வியர்வை முத்து முத்தாய்...

விரல் கவரின் கடைசி மூலைக்கு வந்தது...

"பொய்!" ஸ்டூல் உருண்டது. "பொய் சொல்றீங்க! அது சூளைக்கே போவல! நான்தான் ஸ்லிப் தொட்டியில போட்டு கரைச்..."

நிறுத்தினான்.

தாமதம்!

ஸ்லிப் தொட்டி கீழே வாசலிலேயே இருந்தது. தண்ணீராய்க் கரைத்த களிமண் நிற்கும் தொட்டி. அச்சில் ஊற்றுவதற்கு.

"அடடா," என்றார் அம்சவல்லி. "ஸ்லிப் ஆயிடுச்சே சார்! மண்ணு மட்டுமில்ல... நாக்கும்."

ஆனந்தராஜ் கதவைப் பார்த்துப் பாய்ந்தான்.

கதவு இல்லை. மாயவன் இருந்தார்!

ஒரே அறை. ஆனந்தராஜ் தரையில்.

"எதுக்குடா கொன்ன?" மாயவன் முட்டியை அவன் முதுகில் ஊன்றினார்.

"அச்சை உடைச்சிட்டான்..." ஆனந்தராஜுக்கு மூச்சு வாங்கியது. "இங்க செய்யுற பீங்கான் பியூஸ் கேரியர்ல ஐ.எஸ்.ஐ. முத்திரை போட நான் தனியா ஒரு அச்சு செஞ்சி வெச்சிருந்தேன்... அவனுக்குத் தெரியாம. கண்டுபுடிச்சிட்டான்."

"டூப்ளிகேட் முத்திரை?"

"ஆமா. 'ஷாக் அடிச்சி எவனாச்சும் செத்தா யாரு பதில் சொல்றது? கலெக்டர் ஆபீசுல மனு குடுக்கப் போறேன்'னான். கெஞ்சிப் பாத்தேன். முதுகைக் காட்டிக்கிட்டு கேமு ஆட உக்காந்துட்டான். கையில கல்லு இருந்துது..."

"கேமு எங்க கத்துக்கிட்ட?"

"பின்னாடி நின்னு பாப்பேன். எந்த கீயை அமுக்கினா ஓடும்னு தெரியும். கதவு பூட்டியிருக்குன்னு வந்துது... ஆமான்னு அமுக்கினேன். அது எனக்கு என்னா தெரியும்?"

"பாவி!" நந்தகுமார் குரல் தழுதழுத்தது. "கொலைகூட பரவாயில்லடா... இரிடியத்தைப் போயி..."

"வாயை மூடுறியா?" மோகனப்பிரியா அவன் பக்கம் திரும்பினாள். "என்னை ஜெயிலுக்கு அனுப்ப என்னா அவசரம் உனக்கு?"

"ஸாரி பிரியா..."

"உன் ஸாரியை நீயே வெச்சிக்க. குஜராத் போயி, நெட்டு கனெக்சன் வாங்கி, கேமுல முதல் வேலையா உன்னைத்தான் சுடுவேன்!"

"ஒரே டீமு இல்ல நாம?"

"இருந்தோம்."

அவள் பையைத் தோளில் மாட்டினாள். காலியாய் இருந்த சுழல் நாற்காலியை ஒரு நிமிடம் பார்த்தாள்.

"கஞ்சன்," என்று மறுபடி சொன்னாள். இந்தத் தடவை சத்தம் வரவில்லை.

"ரயிலைப் புடிம்மா," என்றார் அம்சவல்லி. "சாட்சிக்குக் கூப்பிட்டா வந்துடணும்."

"வரேன் மேடம். இந்தாளை உள்ள தள்றதுன்னா குஜராத்துலேர்ந்து நடந்தே வருவேன்."

அவளுடைய செருப்புச் சத்தம் படிகளில் இறங்கிப் போனது.

விலங்கோடு எழுந்து நின்ற ஆனந்தராஜ் மேஜையில் இருந்த களிமண் உருண்டையை வெறித்தான்.

"நான் கரைச்சிட்டேனே... அப்ப இது?"

மாயவன் வெட்கமாய்ச் சிரித்தார்.

"கீயில மண்ணு ஒட்டியிருந்ததை மேடம் அன்னிக்கே பாத்துட்டாங்க. இது இங்க எடுத்த மண்ணுதான். ஸ்டேஷன் கீபோர்டுல நான் அமுக்குனது. கட்டைவிரலும் என்னுதுதான். எங்க வூட்டு காஸ் அடுப்புல சுட்டேன். தோசைக்கல்லு வீணாப் போச்சின்னு ரெண்டு நாளா எனக்குச் சோறு இல்ல."

"இத்தனை வருசமா சூளை பாக்குறவன்," என்றார் அம்சவல்லி, "கையில வாங்கி ஒரு தடவை பாத்திருந்தா தெரிஞ்சிருக்கும். இது வெந்தது இல்ல, கருகினது."

ஆனந்தராஜ் பல்லை நறநறத்தான்.

"அப்ப அந்தக் கவரு? கைரேகைக்கு எழுதுன லெட்டரு?"

"கைரேகைக்குன்னு நான் சொல்லவே இல்லியே!" அம்சவல்லி கவரின் வாயை ஒட்டி அழுத்தித் தேய்த்தார். "லீவு லெட்டரு. சேத்தியாத்தோப்புல என் தங்கச்சி மவளுக்கு மஞ்சள் நீராட்டு. இதுக்கு முந்தி குடுத்ததையெல்லாம் டி.எஸ்.பி. திருப்பி அனுப்பிட்டாரு."

கவரை மாயவனிடம் நீட்டினார்.

"இவரை வண்டியில ஏத்திட்டு, போற வழியில இதை டி.எஸ்.பி. ஆபீஸ் தபால்ல சேத்துடுங்க."

மாயவன் வாங்கிச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு தலையைச் சொறிந்தார்.

"இந்தத் தடவையாச்சும் அய்யா ஒத்துக்குவாரா மேடம்?"

"கவரைப் பாத்து கொலைகாரனே ஒத்துக்கிட்டான்யா... டி.எஸ்.பி. ஒத்துக்கமாட்டாரா?"