எதிர்வாய்

காலைக் கடலேற்றச் சங்கு ஊதியதும் ஆழித்துறை மக்கள் வழக்கம்போலக் கீழ்த்தளத்துச் சாமான்களை மேலே ஏற்றினார்கள். கடல் தெருவுக்குள் வந்துபோகத் தொடங்கிய பிறகு அது பல் துலக்குவதுபோல ஆகிவிட்டது. படகு மெக்கானிக் ஜெனோவாவும் அடுப்பைத் தூக்கி மேலே வைத்துவிட்டு, நீதிமன்றத்தின் சமரச மையத்துக்குக் கிளம்பினாள்.

படகுத்துறையில் தேவாலயத்தின் பங்குப் பேரவைத் தலைவர் குரூஸ் அவளை நிறுத்தினார்.

“சும்மா ஒப்புக்குப் பேசிட்டு வா. இன்னைக்கும் தேறலேன்னா வழக்கு திரும்ப ஜட்ஜுகிட்ட போயிடும். பட்டா நம்ம பேர்ல இருக்கு. மேடு நமக்குத்தான்.”

ஊரில் தண்ணீர் ஏறாத நிலம் அந்த ஒரு மேடுதான். தேவாலயத்தின் கல்லறைத் தோட்டமும் பள்ளிவாசலின் மையவாடியும் மூழ்கிக்கொண்டிருந்தன. இறந்தவர்களை மேட்டுக்கு மாற்றும் உரிமை யாருக்கு என்பதுதான் வழக்கு. அதற்குள் கல்லெறி நடந்து, ஒரு படகும் எரிந்திருந்தது.

மத வழக்குகளுக்குச் சட்டம் ஒரு நடைமுறை வைத்திருந்தது. அதன் பெயர் எதிர்வாய். ஒவ்வொரு தரப்பின் பேச்சாளரும் எதிர்த்தரப்பில் ஒருவராக நின்று, அவர்களுக்காகத்தான் பேச வேண்டும். இரு தரப்பு மக்களும் வீட்டிலிருந்தே கேட்பார்கள். பேச்சு அந்த எதிர்த்தரப்பின் மனத்தைத் தொட்டதா என்பதை அவர்கள் மணிக்கட்டிலிருக்கும் ஒப்புப்பட்டை நாடியிலிருந்தே அறிந்து சொல்லும். அதை ஏமாற்ற முடியாது. இரு தரப்பும் ஏற்ற பிறகே பங்கீட்டுப் பேச்சு. தேவாலயத் தரப்பின் பேச்சாளரான ஜெனோவா இரண்டு முறை பேசித் தோற்றிருந்தாள். இது கடைசி அமர்வு.

சமரசர் இளவெயினி தலையசைத்ததும், பள்ளிவாசல் கமிட்டிச் செயலாளர் நூர்தீன் மரைக்காயர் முதலில் பேசினார்.

“நாங்க கடல்ல போறவங்க. பாதிப் பேருக்கு உடம்பே கிடைக்கல. கிடைச்சதைத்தான் புதைச்சிருக்கோம். அதையும் இப்ப கடல் கேக்குது. கல்லறைத் திருநாளுக்கு என் மக தலைமாட்டுல மெழுகுவத்தி வைக்கப் போனேன். முழங்கால் தண்ணி. வைக்க இடமில்லாம, அணையிற வரைக்கும் கையிலயே பிடிச்சிட்டு நின்னேன்.”

அப்படி நின்றது ஜெனோவா, தன் மகளின் கல்லறையில்; அதை அவள் யாரிடமும் சொன்னதில்லை. அவர் எங்கிருந்தோ பார்த்திருக்க வேண்டும். சுவர்த்திரை பச்சையானது. தேவாலயத் தரப்பு மக்கள் ஏற்றுவிட்டார்கள்.

“நீங்க பேசுங்க,” என்றார் இளவெயினி.

நாலு வார்த்தை உப்புச்சப்பில்லாமல் சொன்னால் போதும், மேடு தேவாலயத்துக்குத்தான். ஜெனோவா நூர்தீன் பக்கம் திரும்பிப் பேசினாள்.

“எங்களுக்குக் கல்லு வேணாம், பேரு வேணாம். மண்ணு போதும். முகம் மக்கா இருக்கிற கிப்லாத் திசையைப் பார்த்து இருக்கணும். அடக்கினவங்களைத் தோண்ட எங்களுக்கு மனசு வராது. வேற வழியில்லாம தோண்டத் துணிஞ்சு மேட்டைக் கேட்டப்போ, படகுத்துறையில வச்சு ஒருத்தர் கேட்டாரு, ‘உங்களுக்கு வேற ஊரே இல்லையா’ன்னு. சுத்தி நின்னவங்க சிரிச்சாங்க. எங்க உம்மா வாப்பா இங்கதான் கிடக்குறாங்க. நாங்க எந்த ஊருக்குப் போறது?”

அப்படிக் கேட்டவர் குரூஸ். சுற்றி நின்று சிரித்தவர்களில் ஜெனோவாவும் ஒருத்தி.

நூர்தீன் தோள்துண்டால் முகத்தை மூடிக்கொண்டார். திரை பச்சையானது.

அதன் பிறகு பங்கீடு கடினமாக இல்லை. மேட்டின் நடுமண் மையவாடிக்கு. சுற்றிலும் கட்டப்படும் அடுக்குக் கல்லறைகள் தேவாலயத்துக்கு. இரு தரப்புப் பிணங்களுக்கும் இடமிருந்தது. நீதிபதி அதைத் தீர்ப்பாகவே பதிவு செய்தார்.

துறையில் குரூஸ் காத்திருந்தார். “ஒப்புக்குப் பேசுன்னு அனுப்புனா, ஊர் முன்னாடி நம்மளையே காட்டிக் கொடுத்துட்டியே.”

“அவங்க சொல்ல வேண்டியதைத்தாண்ணே சொன்னேன்.”

“அதான் சொல்றேன்,” என்று சொல்லிவிட்டு அவர் நடந்தார்.

ஞாயிறு பூசையில், “ஒருவருக்கொருவர் சமாதானம் சொல்லிக்கொள்ளுங்கள்,” என்றார் பங்குத்தந்தை. முன்வரிசை பின்வரிசைக்குக் கைகூப்பியது. பக்கத்தில் இருந்தவர்கள் அவளைத் தாண்டி அடுத்தவருக்குச் சொன்னார்கள். பாடகர் குழு அடுத்த பாட்டைத் தொடங்கியது. ஜெனோவா கூப்பிய கையை இறக்காமல் நின்றுகொண்டிருந்தாள்.